மினசோட்டாவில் தொகுதிக்கு நிற்க

வேறு நாட்டிலிருந்து குடியேறியவர் அமெரிக்க அதிபராக முடியாது. மாநிலச் சட்டமன்றத்துக்கு அந்தத் தடை இல்லை. மினசோட்டாவில் 21 வயது நிறைந்திருக்க வேண்டும், மாநிலத்தில் ஓராண்டும் தொகுதியில் ஆறு மாதமும் வசித்திருக்க வேண்டும், குடியுரிமை வேண்டும். அதனால் கிரீன் கார்டோடு நின்றுவிடாதீர்கள். சோமாலியாவில் பிறந்து, கென்ய அகதி முகாமில் நான்கு ஆண்டு இருந்து, 1995-இல் அமெரிக்கா வந்து, பின்னாளில் மினசோட்டா சட்டமன்றத்துக்குத் தேர்வான இல்ஹான் ஓமர், 2000-இலேயே குடியுரிமை பெற்றுவிட்டார்.

அடுத்தது, பிறர் தேர்தலில் உழைப்பது. பலர் தாண்டிப் போகப் பார்ப்பது இந்தப் படியைத்தான். இல்ஹான் பதின்ம வயதில் தாத்தாவோடு கட்சிக் கூட்டங்களுக்குப் போய் அவருக்கு மொழிபெயர்த்தார். 2012-இல் ஒரு மாநில செனட்டரின் மறுதேர்தல் பிரசாரத்தை நிர்வகித்தார். மறு ஆண்டு ஆண்ட்ரூ ஜான்சனின் நகர மன்றத் தேர்தலில் வேலை செய்தார். ஜான்சன் வென்றதும் அவரிடமே கொள்கை உதவியாளராகச் சேர்ந்தார். எந்தத் தெருவில் எத்தனை ஓட்டு, யாரிடம் எவ்வளவு நன்கொடை கேட்கலாம், ஒரு தீர்மானம் எந்த மேசையில் மாதக்கணக்கில் தூங்கும் என்பதெல்லாம் இந்த வேலைகளில்தான் பிடிபடும்.

ஹிஜாப் அணிந்து போகும் பெண்ணைப் பிரசார அலுவலகத்தில் ‘உங்கள் ஆட்களோடு பேசுங்கள்’ என்று அனுப்பிவிடுவது எளிது. அந்த வேலையைச் செய்யுங்கள், ஆனால் அதோடு அடங்கிவிடாதீர்கள். வாக்காளர் பட்டியலையோ நிதியையோ கேட்டு வாங்குங்கள். அடுத்த தேர்தலில் உங்களுக்குக் கைகொடுப்பது அதுதான்.

எங்கே போட்டியிடுவது? இங்கேதான் இல்ஹானின் கணிப்பு எனக்குப் பெரிதாகப் படுகிறது. மினியாபொலிஸின் 60பி தொகுதி ஜனநாயகக் கட்சியின் கோட்டை. அப்படிப்பட்ட இடத்தில் நவம்பர் தேர்தல் சம்பிரதாயம். ஆகஸ்டில் நடக்கும் உட்கட்சித் தேர்தலே நிஜமான போட்டி. 2016-இல் அந்த இருக்கையில் இருந்தவர் பிலிஸ் கான், 1972-இல் முதன்முதலாகத் தேர்வானவர். களத்தில் முகமூத் நூர் என்ற இன்னொரு சோமாலியரும் இருந்தார். சோமாலிய ஓட்டு பிரியும் என்பது தெளிவு. அதை மட்டும் நம்பியிருந்தால் இல்ஹான் தோற்றிருப்பார். அதே தொகுதியில் மினசோட்டா பல்கலைக்கழக மாணவர்கள் நிறைய. அவர்களையும் சேர்த்துத் திரட்டினார், மூவரில் முதலிடம் பிடித்தார். அமெரிக்காவில் சட்டமன்றம் புகுந்த முதல் சோமாலியர் அவர். உங்கள் சமூகம் உங்களுக்கு அடித்தளம். வெற்றிக்கு அடுத்த தெருவும் வேண்டும்.

வென்ற பிறகு எல்லாவற்றையும் தொடாதீர்கள், ஒரு சட்டத்தைப் பிடியுங்கள். ஒன்பது வயதில் சோமாலியாவிலிருந்து வந்த ஸைனப் முகமது, 2022-இல் 25 வயதில் மாநில செனட்டரானார். குடியேற்ற ஆவணம் இல்லாதவர்களும் ஓட்டுநர் உரிமம் பெறும் மசோதாவை முதல் ஆண்டிலேயே செனட்டில் முன்னின்று நடத்தினார். செனட்டில் அவர் கட்சிக்கு 34 இடம், எதிர்க்கட்சிக்கு 33. ஓர் ஓட்டு நழுவினாலும் கவிழும் நிலை. 2023 மார்ச்சில் அந்த மசோதா சட்டமானது.

சம்பளத்தையும் முன்கூட்டியே பாருங்கள். 2023-இல் உறுப்பினருக்கு ஆண்டுக்கு 51,750 டாலர் என்று நிர்ணயிக்கப்பட்டது. கூட்டத்தொடர் மே மாதத்தில் முடிந்தாலும் தொகுதி வேலை முடியாது. இப்போதைய முதலாளி நீண்ட விடுப்பு தருவாரா என்பதை மனுத் தாக்கலுக்கு முன்பே பேசி, எழுத்தில் வாங்குங்கள்.

பாதுகாப்பை வெட்கப்பட்டு ஒதுக்க வேண்டாம். 2014-இல் ஒரு கட்சிக் கூட்டத்தில் இல்ஹான் தாக்கப்பட்டுக் காயமடைந்தார். 2025 ஜூனில் மினசோட்டாவின் முன்னாள் சபாநாயகர் மெலிசா ஹார்ட்மன் தம் வீட்டிலேயே கணவரோடு சுட்டுக் கொல்லப்பட்டார். பிரசாரத் துண்டறிக்கையில் வீட்டு முகவரி போடாதீர்கள். கதவு தட்டப் போகும்போது எப்போதும் துணைக்கு ஒருவரோடு போங்கள். மிரட்டல் வந்தால் அழிக்காமல் சேமித்து அன்றே போலீசில் கொடுங்கள். கட்சித் தலைமைக்கும் சொல்லிவிடுங்கள்.