மலை உச்சியில் மூச்சுத் திணறுவது ஏன்?
மூன்று திரைப்படங்கள் தரும் பாடம்

மலையேறுவோரைப் பற்றிய திரைப்படம் ஏதேனும் பார்த்திருக்கிறீர்களா? பனிப்பாறை சரிந்து விழும். கயிறு அறுந்து போகும். பனிப்புயல் சுழன்று அடிக்கும். நாமும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்ப்போம். ஆனால் உயர்ந்த மலையில் மனிதனுக்கு உள்ள கொடிய பகைவர்களில் ஒருவன் திரையில் தெரிவதே இல்லை. அவனைக் காமிராவால் பிடிக்க முடியாது. மெலிந்த காற்றுதான் அந்தப் பகைவன்.

'மலையேறும் வீரர்களுக்கு உள்ள கவலை நமக்கு எதற்கு?' என்று நினைக்காதீர்கள். லடாக்கிலுள்ள லே நகரம் ஏறத்தாழ 3,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. தில்லியில் காலையில் விமானம் ஏறினால் ஒன்றரை மணி நேரத்தில் அங்கே இறங்கிவிடலாம். நாளை நீங்களோ உங்கள் நண்பரோ அங்கே போகக்கூடும். ஆகவே இந்தப் பகைவனை இன்றே தெரிந்துகொள்வது நல்லது.

குறைவது எது?

"மேலே போனால் காற்றில் ஆக்சிஜன் குறைவு" என்று படங்களில் பேசுவதைக் கேட்டிருப்பீர்கள். இது பாதி உண்மைதான். கடற்கரையில் உள்ள காற்றில் நூற்றுக்கு 21 பங்கு ஆக்சிஜன். எவரெஸ்ட் உச்சியிலும் அதே 21 பங்குதான்! அப்படியானால் குறைவது எது? காற்றின் அழுத்தம்.

கடல் மட்டத்தில் காற்றழுத்தம் 760 மில்லிமீட்டர் பாதரசம். 5,500 மீட்டர் உயரத்தில் அது ஏறத்தாழப் பாதியாகிவிடும். 1981இல் அமெரிக்க மருத்துவ ஆய்வுக் குழு ஒன்று எவரெஸ்ட் உச்சியிலேயே அழுத்தத்தை அளந்தது. அது 253 மில்லிமீட்டர். அதாவது மூன்றில் ஒரு பங்கு.

இதை நீங்களே செய்து பார்க்கலாம். ஊசி பொருத்தாத, பயன்படுத்தாத 20 மில்லிலிட்டர் சிரிஞ்சு ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். உந்துதண்டை 10 என்ற கோட்டில் நிறுத்துங்கள். முனையை விரலால் இறுக மூடிக்கொண்டு தண்டை 20 வரை இழுங்கள். உள்ளே இருந்த காற்று அதே காற்றுதான். அதில் ஆக்சிஜனின் பங்கும் மாறவில்லை. ஆனால் 10 மில்லிலிட்டரில் இருந்த மூலக்கூறுகள் இப்போது 20 மில்லிலிட்டரில் பரவி நிற்கின்றன. அழுத்தம் பாதியாகிவிட்டது. 5,500 மீட்டர் உயரத்தில் நாம் இழுக்கும் மூச்சும் இப்படிப்பட்டதே. மார்பு நிறையக் காற்றை இழுத்தாலும் உள்ளே போகும் ஆக்சிஜன் பாதிதான்.

உடல் என்ன செய்கிறது?

உடல் சும்மா இருப்பதில்லை. மூச்சு விரைவாகிறது, இதயம் வேகமாகத் துடிக்கிறது. விரைந்து மூச்சு விடுவதால் கார்பன் டை ஆக்சைடு அதிகமாக வெளியேறி, இரத்தத்தின் காரத்தன்மை கூடுகிறது. அதைச் சரிசெய்யச் சிறுநீரகங்கள் சில நாட்கள் எடுத்துக்கொள்கின்றன. இரத்தச் சிவப்பணுக்கள் பெருகுவதற்கோ வாரக்கணக்கில் ஆகும்.

1978ஆம் ஆண்டு மே 8ஆம் நாள் ரைன்ஹோல்ட் மெஸ்னர், பீட்டர் ஹேபலர் இருவரும் ஆக்சிஜன் உருளை இல்லாமலே எவரெஸ்ட் உச்சியை அடைந்தனர். வாரக்கணக்கில் அவர்கள் உடல் மெலிந்த காற்றுக்குப் பழகியிருந்தது. கடற்கரையில் இருக்கும் ஒருவரைத் திடீரென்று அந்த உச்சியில் கொண்டுபோய் நிறுத்தினால் சில நிமிடங்களில் நினைவிழந்து விழுந்துவிடுவார். இருவருக்கும் காற்று ஒன்றே. வேற்றுமை, உடலுக்குக் கொடுத்த காலத்தில்தான்.

நுரையீரலில் நீர்

2000ஆம் ஆண்டில் வெளிவந்த 'வெர்டிகல் லிமிட்' என்னும் படத்தை எடுத்துக்கொள்வோம். 8,611 மீட்டர் உயரமுள்ள கே-2 சிகரத்தில் மூவர் பனிப்பிளவு ஒன்றில் சிக்கிக்கொள்கின்றனர். அவர்களில் ஒரு பெண்ணை மீட்க அவளுடைய அண்ணன் புறப்படுகிறான். சிக்கியவர்களின் நுரையீரலில் நீர் கோத்துக்கொள்கிறது. 'டெக்சாமெத்தசோன்' என்ற ஊசி மருந்தே அவர்கள் உயிருக்குத் துணை என்று கதை போகிறது.

நுரையீரலில் நீர் கோப்பது கற்பனையன்று. ஆக்சிஜன் குறையும்போது நுரையீரலின் இரத்தக் குழாய்கள் சுருங்குகின்றன. எல்லா இடத்திலும் ஒரே அளவாகச் சுருங்குவதில்லை. சுருங்காத பகுதிகளுக்கு இரத்தம் மிகுந்த அழுத்தத்தோடு பாய்கிறது. அங்குள்ள மெல்லிய தந்துகிகளிலிருந்து நீர் கசிந்து காற்று நுண்ணறைகளில் தேங்குகிறது. நோயாளி உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கும், இருமல் வரும், உதடு நீலம் பாயும். முற்றினால் இளஞ்சிவப்பான நுரை வெளிவரும்.

முன்பெல்லாம் இதை நிமோனியா என்றே பலர் எண்ணினர். பெரு நாட்டு மருத்துவர்கள் இதை முன்பே கண்டிருந்தாலும், 1960இல் அமெரிக்க மருத்துவர் சார்லஸ் ஹூஸ்டன் எழுதிய கட்டுரைதான் உலகின் கவனத்தைத் திருப்பியது. இவர் 1938இலும் 1953இலும் அதே கே-2 சிகரத்துக்குக் குழுக்களை அழைத்துச் சென்றவர். நம் நாட்டு இராணுவ மருத்துவர்களும் இத்துறையில் பெரும்பணி ஆற்றியுள்ளனர். இமயமலைக் காவலுக்கு விரைந்து அனுப்பப்பட்ட வீரர்களில் மலைநோய் கண்ட 1,925 பேரை ஆராய்ந்து 1969இல் அவர்கள் வெளியிட்ட கட்டுரை இன்றும் மேற்கோள் காட்டப்படுகிறது.

படம் எங்கே தவறுகிறது? டெக்சாமெத்தசோன் முதன்மையாக மூளை வீக்கத்துக்கான மருந்து. நுரையீரலில் நீர் கோத்தவருக்கு வேண்டியவை ஆக்சிஜனும் கீழே இறக்குவதுமே. மருந்தென்றால் நிபெடிபின் கொடுப்பார்கள். மீட்கச் செல்பவர்கள் அந்த உயரத்தில் ஓடுவதும் தாவுவதும் திரையில்தான் நடக்கும். உண்மையில் அங்கே ஓர் அடி வைத்துவிட்டுப் பலமுறை மூச்சு வாங்கிய பிறகே அடுத்த அடி.

மூளை ஏமாறுகிறது

2015இல் வந்த 'எவரெஸ்ட்' படம் நடந்த நிகழ்ச்சியைச் சொல்வது. 1996 மே 10, 11 நாட்களில் வீசிய புயலில் அந்த மலையில் 8 பேர் உயிரிழந்தனர். இதில் நாம் கவனிக்க வேண்டியது புயலை அன்று, மனிதர்களின் மூளையை.

உச்சிக்குச் சற்றுக் கீழே ஆக்சிஜன் உருளைகள் வைக்கப்பட்டிருந்தன. வழிகாட்டிகளில் ஒருவர் அவை எல்லாம் காலி என்று வானொலியில் சொன்னார். உண்மையில் அங்கே நிரம்பிய உருளைகள் இருந்தன என்று உடனிருந்தவர்கள் எழுதியுள்ளனர். அனுபவம் மிக்கவரே இப்படிச் சொல்லக் காரணம் என்ன? ஆக்சிஜன் குறைந்த மூளை தவறாக முடிவு செய்கிறது. தவறு செய்கிறோம் என்பதும் அதற்குத் தெரிவதில்லை.

இது புதிய செய்தியன்று. 1875இல் 'செனித்' என்ற பலூனில் மூன்று பிரெஞ்சுக்காரர்கள் 8,000 மீட்டருக்கு மேல் பறந்தார்கள். ஆக்சிஜன் பைகள் பக்கத்திலேயே இருந்தன. ஆனால் வேதனை ஏதும் தோன்றவில்லை. மாறாக மகிழ்ச்சியாகவே இருந்தது. பையை எடுக்க நினைத்தபோது கை எழவில்லை. இருவர் இறந்தனர். உயிர் தப்பிய திசாந்தியே சொன்ன பிறகே இவையெல்லாம் உலகுக்குத் தெரிந்தன.

அதே 1996 நிகழ்ச்சியில் பெக் வெதர்ஸ் என்ற மருத்துவருக்கு மலைமேல் பார்வை மங்கிவிட்டது. கிட்டப்பார்வைக்காக அவர் கண்ணில் அறுவை செய்துகொண்டவர். விழியின் முன்புறமுள்ள தெளிந்த படலமான கார்னியாவில் இரத்தக் குழாய் கிடையாது. அது காற்றிலிருந்தே நேராக ஆக்சிஜனைப் பெறுகிறது. காற்று மெலிந்ததும், அறுவையால் வலுவிழந்த படலம் உருமாறிவிட்டது. இறந்துவிட்டார் என்று விடப்பட்ட அவர் மறுநாள் தாமாகவே எழுந்து முகாமுக்கு நடந்து வந்தார்! பனிக்கடியால் வலக்கையையும் இடக்கை விரல்களையும் மூக்கையும் இழந்தார், உயிர் பிழைத்தார். நேபாள இராணுவ விமானி மதன் கத்ரி சேத்ரி ஏறத்தாழ 6,000 மீட்டர் உயரத்துக்கு ஹெலிகாப்டரை ஓட்டி வந்து அவரைக் கொண்டுபோனார்.

ஆண்டிஸ் மலையில் 72 நாட்கள்

மூன்றாவது படம் 2023இல் வந்த 'பனியின் சமூகம்' என்னும் ஸ்பானிய மொழிப் படம். 1972 அக்டோபர் 13 அன்று 45 பேருடன் சென்ற உருகுவே நாட்டு விமானம் ஆண்டிஸ் மலையில் ஏறத்தாழ 3,500 மீட்டர் உயரத்தில் விழுந்தது. 72 நாட்களுக்குப் பின் மீண்டவர்கள் 16 பேர்.

சுற்றிலும் பனி, ஆனால் குடிக்க நீர் இல்லை! பனியை அப்படியே தின்றால் உடல் வெப்பம் வீணாகும், வாயும் புண்ணாகும். அவர்கள் இருக்கைகளிலிருந்த அலுமினியத் தகட்டை வெயிலில் வைத்துப் பனியை உருக்கினர். பனியில் பட்டுத் திரும்பும் புற ஊதாக் கதிர் கண்ணைக் கெடுக்கும் என்பதால், விமானியின் அறையிலிருந்த வெயில் மறைப்பை வெட்டிக் கண்ணாடி செய்தனர். உணவு தீர்ந்தபின், இறந்த தோழர்களின் உடலையே உண்டு உயிர்வாழ நேர்ந்தது. அந்தத் துயர முடிவைப் படமும் மறைக்காமல் மரியாதையோடு காட்டுகிறது.

கடைசியில் நாந்தோ பராடோ, மருத்துவ மாணவரான ரொபர்ட்டோ கனெஸ்ஸா இருவரும் 4,500 மீட்டருக்கு மேற்பட்ட முகட்டைத் தாண்டிப் பத்து நாட்கள் நடந்தனர். ஆற்றுக்கு அக்கரையில் இருந்த குதிரைக்காரர் ஒருவர் கல்லில் காகிதத்தைக் கட்டி எறிந்தார். அதில் எழுதிய செய்திதான் மற்றவர்களை மீட்டது. இரண்டு மாதங்களாக மெலிந்த காற்றில் வாழ்ந்த உடல்கள் அவர்களுடையவை என்பதை மறந்துவிடாதீர்கள்.

முதல் மருந்து

மூன்று படங்களும் சேர்ந்து ஒன்றைச் சொல்கின்றன. மலைநோய்க்கு முதல் மருந்து கீழே இறங்குவதுதான். இறங்க முடியாத இடத்துக்கென்று அமெரிக்கப் பேராசிரியர் இகோர் காமோவ் ஒரு பை செய்தார். புகழ்பெற்ற அறிவியல் எழுத்தாளர் ஜார்ஜ் காமோவின் மகன் இவர். நோயாளியைப் பைக்குள் படுக்கவைத்துக் கால் பம்பினால் காற்றடிப்பார்கள். 5,500 மீட்டரில் படுத்திருப்பவர் ஏறத்தாழ 2,000 மீட்டர் கீழே இருப்பதுபோல் மூச்சு விடுவார். எண்ணிப் பாருங்கள், அந்தப் பையும் இறங்குவதைத்தான் செய்கிறது!

நீங்கள் உயரமான இடத்துக்குப் போகும்போது இவற்றை நினைவில் வையுங்கள். விமானத்தில் போய் இறங்கினால் முதல் இரண்டு நாட்கள் ஓடியாடாமல் ஓய்வு எடுங்கள். 3,000 மீட்டருக்கு மேல், இரவு தங்கும் உயரத்தை நாளொன்றுக்கு 500 மீட்டருக்கு மேல் கூட்டாதீர்கள். தலைவலி, குமட்டல், பசியின்மை தோன்றினால் மேலே ஏறாதீர்கள். மறைக்காமல் பெரியவர்களிடம் சொல்லுங்கள். ஒருவர் தள்ளாடினாலோ, உளறினாலோ, ஓய்வாக இருக்கும்போதே மூச்சு வாங்கினாலோ விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. உடனே துணையோடு கீழே இறக்க வேண்டும்.

ஐயமாக இருந்தால் ஒரு சோதனை உண்டு. ஒரு காலின் குதிகாலை மற்றொரு காலின் விரல் நுனியில் ஒட்டிவைத்து நேர்க்கோட்டில் நடக்கச் சொல்லுங்கள். நடக்க முடியாவிட்டால் மூளை வீங்கத் தொடங்கியிருக்கலாம். 'எனக்கு ஒன்றுமில்லை' என்று அவர் சொல்வார். அதை நம்பாதீர்கள். அப்படிச் சொல்வது ஆக்சிஜன் குறைந்த மூளை. அந்த நேரத்தில் அவருக்காகச் சரியாகச் சிந்திக்கக் கூடியவர் பக்கத்தில் நிற்கும் நண்பர்தான். அது நீங்களாக இருக்கலாம்.

சிந்தித்துப் பாருங்கள்

1. காற்றுப் புகாமல் மூடிய பிஸ்கட் பொட்டலத்தை மலைமேல் கொண்டுபோனால் அது உப்புகிறது. ஏன்?

2. உயர்ந்த மலையில் நீர் விரைவில் கொதித்தாலும் பருப்பு எளிதில் வேகாது. ஏன்?

3. மிக உயரத்தில் ஹெலிகாப்டர் பறப்பது கடினம். அதன் இறக்கைகளுக்கும் நம் நுரையீரலுக்கும் உள்ள பொதுவான இடையூறு எது?