மடித்த கைலியை மறுபடி மடிக்கும் கை

அன்புள்ள மருமகனுக்கு,

கிள்ளானிலிருந்து நீ அனுப்பிய குறும்படத்தைப் பார்த்தேன். பூட்டிய அறைக்குள் ஒருவன் கத்துகிறான், சுவரில் முட்டுகிறான். நொடிக்கொரு வெட்டு, அதிரும் இசை. உழைப்பு தெரிகிறது. ஆனால் அடைபட்ட மனம் இவ்வளவு சத்தம் போடாதடா.

2020 மார்ச் 18-இல் கொரோனாவுக்காக மலேசியாவில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்தபோது, பிரிக்பீல்ட்ஸ் வீட்டில் நானும் உன் பாட்டியும் மட்டும்தான். மூன்றாம் வாரம் பாட்டி கைலிகளை மடித்து அடுக்கினார். பிறகு அவற்றையே உதறி மறுபடி மடித்தார். "இன்னைக்கு வெள்ளிக்கிழமையா?" என்றார். அன்று திங்கள். அந்தக் கைகளை நீ படமெடுத்திருந்தால் போதும், கத்தலே வேண்டாம்.

அடைபட்ட மனம் என்ன செய்யும் என்று சோதித்தே பார்த்திருக்கிறார்கள். 1950களின் தொடக்கத்தில், மாண்ட்ரியலின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் உளவியலாளர் டொனால்ட் ஹெப் குழுவினர் மாணவர்களுக்கு நாளுக்கு 20 டாலர் கொடுத்துச் சும்மா படுத்திருக்கச் சொன்னார்கள். கண்ணுக்கு மங்கல் கண்ணாடி, கைக்கு உறை. பெரும்பாலோர் சில நாளிலேயே எழுந்து போய்விட்டார்கள். தோளில் மூட்டையோடு அணில்கள் வரிசையாகப் போவதை ஒருவர் கண்டார்! வெளியிலிருந்து எதுவும் வராவிட்டால் மூளை தானே படம் ஓட்டத் தொடங்கிவிடுகிறது.

அடைபட்ட மனதைக் கத்தாமலே காட்டிய படங்கள் உண்டு. இயக்குநர் சான்டல் அகர்மனின் 'ஜான் டீல்மன்' (1975) 201 நிமிடம் ஓடுகிறது. வீட்டுக்குள்ளேயே சுழலும் ஒரு பெண். ஒருநாள் உருளைக்கிழங்கு குழைந்துவிடுகிறது. பாத்திரத்தை எங்கே வைப்பதென்று தெரியாமல் அதைத் தூக்கிக்கொண்டு அலைகிறாள். அவ்வளவுதான், நமக்கு வயிற்றைப் பிசைகிறது. அதுவரை அவளுடைய ஒழுங்கை நிமிடம் நிமிடமாக நாமும் வாழ்ந்திருக்கிறோமே! அவசரமாக வெட்டியிருந்தால் அது வெறும் கிழங்கு.

நம் ஊரிலேயே ஒரு படம் உண்டு. கூச்சிங்கில் பிறந்த சாய் மிங்-லியாங் 2006-இல் கோலாலம்பூரில் எடுத்த 'ஐ டோன்ட் வான்ட் டு ஸ்லீப் அலோன்'. பாதியில் கைவிடப்பட்ட கட்டடம், அதன் நடுவே தேங்கிய கறுப்புத் தண்ணீர். அடிபட்டுக் கிடக்கும் அந்நியனை வங்காளதேசத் தொழிலாளி ஒருவன் பழைய மெத்தையில் கிடத்திக் கழுவித் துடைக்கிறான். அடிபட்டவன் கடைசிவரை ஒரு வார்த்தை பேசுவதில்லை. இன்னொரு வீட்டில் அசைவற்றுக் கிடக்கும் ஒருவன். இருவராகவும் நடிப்பவர் லீ காங்-ஷெங். நகரத்தைப் புகைமூட்டம் மூடும்போது ஊரே ஓர் அடைத்த அறையாகிவிடுகிறது. தனிமை தாங்காமல் உடல் இன்னொரு உடலைத் தேடுவதை வசனமே இல்லாமல் சொல்லிவிடுகிறார் சாய்.

ஒன்று மட்டும் கேள். அடுத்த முறை எடுக்கும்போது நடிக்கும் நண்பனை உண்மையிலேயே பூட்டிவைக்காதே. மெக்கில் மாணவர்கள்கூட வேண்டாமென்றால் எழுந்து போகலாம். கதவைத் தாழிடாமல் வை, ஒருவர் பக்கத்திலேயே இருக்கட்டும். கேமராவை நகர்த்தாமல் 10 நிமிடம் ஓடவிட்டு, அவன் கைகளை மட்டும் பார். ஞாயிற்றுக்கிழமை அதை எடுத்துக்கொண்டு ரயிலேறி வா. பாட்டியும் பார்க்கணுமாம்.

அன்புடன்,
மாமா