மரம் வைக்குமுன் வேரைப் பாருங்கள்



ஒருவர் நட்ட மரத்திலிருந்து மனிதரோ பறவையோ கால்நடையோ உண்டால் அது நட்டவருக்கு ஸதகாவாகும் என்பது நபி (ஸல்) அவர்களின் போதனை. அந்த ஆர்வத்தில்தான் நம் அறக்கட்டளை ஆண்டுதோறும் மழைக்கு முன் மரக்கன்றுகள் கொடுக்கிறது. ஆனால் எதை எங்கே வைப்பது என்று நாங்கள் சொல்லிக் கொடுக்கவில்லை. நாங்கள் கொடுத்த ஒரு நாட்டு வாதுமைக் கன்று பொதுச்சுவருக்கு மூன்றடி தள்ளி நடப்பட்டது. சில வருடங்களில் பக்கத்து வீட்டுக் குளியலறைத் தரை தூக்கிக்கொண்டது, சுவர் வெடித்தது, விவகாரம் ஜமாஅத்துக்கு வந்தது. அந்த வீட்டில் இருப்பவர் கணவரை இழந்த ஒரு சகோதரி. பழுதுபார்த்த செலவை அறக்கட்டளையே ஏற்றது. (ஜகாத் நிதியை இதற்குத் தொடவில்லை.)

வேர் ஆழமாகக் கீழே இறங்கும் என்றே பலரும் நினைக்கிறோம். உண்மையில் மரத்தின் பெரும்பாலான வேர்கள் மேல்மண்ணில் இரண்டு, மூன்று அடிக்குள்தான் இருக்கும். கிளை விரிப்பையும் தாண்டிப் பரவும். வேர் நல்ல சுவரைத் தேடிப்போய் இடிப்பதில்லை. கசியும் குழாய், விரிசல் விட்ட செப்டிக் டேங்க் என்று ஈரமும் வழியும் கிடைக்கும் இடத்தில் நுழைந்து, பிறகு பருக்கிறது.

ஆல், அரசு, அத்தி இவற்றுக்கு வீட்டு மனையில் இடமே இல்லை. மினாரா இடுக்கில் காக்கை எச்சத்தில் முளைத்த அரசங்கன்றைக்கூட விரலளவில் இருக்கும்போதே வேரோடு எடுத்துவிட வேண்டும். தூங்குமூஞ்சி, குல்மொஹர், பெருங்கொன்றை ஆகியவை நிழலுக்கும் பூவுக்கும் அழகு. ஆனால் 2016 டிசம்பரில் வர்தா புயல் சென்னையைத் தாக்கியபோது இவைதான் ஏராளமாகச் சாய்ந்தன. திறந்த வெளியில் வைக்கலாம், வீட்டுக்கும் மின்கம்பிக்கும் அருகில் வேண்டாம்.

வேம்பும் புங்கையும் ஆணிவேர் நன்கு ஊன்றுபவை. இருந்தாலும் சுவரிலிருந்து பதினைந்து அடியாவது விடுங்கள். தென்னையின் வேர் சல்லிவேர். அது தடித்துப் பருப்பதில்லை, அதனால் அஸ்திவாரத்துக்கு அவ்வளவு பயமில்லை. தலையில் விழும் காய்க்குத்தான் பயம்! சின்ன மனைக்கு எலுமிச்சை, மாதுளை, மருதாணி, கறிவேப்பிலை போதும். கறிவேப்பிலையின் வேரைக் கொத்தினால் அங்கங்கே பக்கக்கன்று கிளம்பும். அதைச் சுற்றிக் கிளறாதீர்கள்.

கபரஸ்தானில் மரங்களை மதிலோர வரிசையில் மட்டும், மதிலுக்கு இடம் விட்டு வைப்பதே நல்லது. நடுவில் வைத்தால் ஒவ்வொரு கபர் தோண்டும்போதும் வேரை வெட்ட நேரும். ஒரு பக்கம் பிடிமானம் இழந்த மரம் அடுத்த காற்றில் ஜனாஸாவுக்கு வந்தவர்கள் மீதே சாயலாம்.

கன்று வாங்கும்போது உயரத்தைப் பார்த்து ஏமாறாதீர்கள். சிறிய பையில் நெடுநாள் நின்ற ஆளுயரக் கன்றுக்கு வேர் உள்ளே சுருண்டிருக்கும். நட்ட பிறகும் அதே சுருளில்தான் பருக்கும். அடியில் சுருண்ட வேரை நறுக்கிவிட்டு நடுங்கள், அல்லது சிறிய கன்றாக எடுங்கள். தினமும் ஒரு குவளை ஊற்றினால் வேர் மேலேயே நிற்கும். வேர் பிடித்த பிறகு நான்கைந்து நாளுக்கொரு முறை மண் ஆழமாக நனையும்படி, தண்டை விட்டுத் தள்ளி ஊற்றுங்கள்.

இந்த ஆண்டு கன்று வேண்டுவோர் ஜும்ஆவுக்குப் பின் அலுவலகத்தில் பெயர் கொடுக்கும்போது, நடும் இடத்திலிருந்து சுவர், டேங்க், பக்கத்து வீடு ஆகியவை எத்தனை அடி என்று அளந்து எழுதி வாருங்கள். அதற்கேற்ற கன்றைத்தான் இன்ஷா அல்லாஹ் தருவோம்.