வழிகாட்டி மதிப்போடு கணக்கு முடிந்துவிடாது

கேள்வி: ஆலங்காயத்துக்குப் பக்கத்தில் எங்களுக்கு ஒன்றேகால் ஏக்கர் புஞ்சை இருக்கிறது. அப்பா காலமாகிவிட்டார்; பட்டா இன்னும் அவர் பெயரில்தான். சாலையை அகலப்படுத்த 32 சென்ட் எடுப்பதாக நோட்டீஸ் வந்திருக்கிறது. கிணறும் காய்ப்பில் உள்ள தென்னைகளும் அந்த 32 சென்டில்தான் இருக்கின்றன. வழிகாட்டி மதிப்புதான் கிடைக்கும், சம்மதக் கையெழுத்துப் போட்டால் பணம் சீக்கிரம் வரும் என்கிறார்கள். அம்மா தவித்துப் போயிருக்கிறார். என்ன செய்யலாம்?

பதில்: முதலில் அம்மாவிடம் சொல்லுங்கள், இன்றைக்கே எதிலும் கையெழுத்துப் போட வேண்டியதில்லை. விலையை ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டுவிட்டால், பிறகு கூடுதல் கேட்டு நீதிமன்றம் போகும் வழி அநேகமாக அடைபட்டுவிடும்.

நோட்டீஸில் எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று பாருங்கள். மாநில நெடுஞ்சாலை என்றால் தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டம், 2001 என்றிருக்கும். தேசிய நெடுஞ்சாலைக்கு 1956ஆம் ஆண்டுச் சட்டம். மாநிலச் சட்டத்தின்கீழ் எடுப்பது செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 2021 ஜூன் 29 அன்று ஜி.மோகன் ராவ் வழக்கில் சொல்லிவிட்டது. ஆகவே 2013ஆம் ஆண்டின் மத்திய நிலமெடுப்புச் சட்டத்தில் உள்ள சமூகத் தாக்க மதிப்பீடு போன்ற நடைமுறைகளை உங்கள் வழக்கில் கேட்க முடியாது. ஆனால் இழப்பீடு அந்த 2013 சட்டத்தின் அளவுப்படிதான். இதை விட்டுக்கொடுக்காதீர்கள்.

அந்தச் சட்டத்தின் 26ஆம் பிரிவு வழிகாட்டி மதிப்போடு நிற்கவில்லை. சுற்றுவட்டாரத்தில் அதே வகை நிலத்துக்கு முந்தைய 3 ஆண்டுகளில் பதிவான கிரயப் பத்திரங்களை எடுத்து, விலை அதிகமுள்ள பாதிப் பத்திரங்களின் சராசரியையும் பார்க்கச் சொல்கிறது. வழிகாட்டி மதிப்பு, இந்தச் சராசரி இரண்டில் எது அதிகமோ அதுவே சந்தை மதிப்பு. நம் ஊர்களில் முத்திரைத்தாள் செலவுக்குப் பயந்து விலையைக் குறைத்தே பதிகிறோம். நிலம் போகும்போது அதன் வலி தெரிகிறது. அப்படியும் வங்கிக் கடனுக்காகவோ மனை பிரித்தோ முழு விலைக்குப் பதிந்த சில பத்திரங்கள் பக்கத்துச் சர்வே எண்களில் இருக்கும். வில்லங்கச் சான்று போட்டு அவற்றைக் கண்டுபிடித்து, சான்றிட்ட நகல் வாங்கி, நிலமெடுப்பு அதிகாரியிடம் மனுவோடு கொடுத்து ஒப்புகை பெறுங்கள். இழப்பீட்டு வழக்குகளில் பேச்சைவிட இந்த நகல்களுக்குத்தான் மதிப்பு.

கணக்கு இப்படிப் போகும். நிலத்தின் சந்தை மதிப்பு 10 லட்சம் என்று கொள்வோம். ஊரகப் பகுதி என்பதால் 1 முதல் 2 வரையிலான ஒரு காரணியால் பெருக்குவார்கள், 1.25 என்றால் 12.5 லட்சம். கிணறு, மரங்களுக்கு 2 லட்சம் சேர்த்தால் 14.5 லட்சம். அதற்குச் சமமான ஆறுதல் தொகை, அதாவது சொலேஷியம், இன்னொரு 14.5 லட்சம். ஆக 29 லட்சம். இதுபோகச் சந்தை மதிப்பின் மேல் ஆண்டுக்கு 12 சதவீதம் கூடுதல் தொகை உண்டு. அதை இரட்டிப்பாக்க மாட்டார்கள். தேசிய நெடுஞ்சாலைக்கு நிலம் கொடுத்தவர்களுக்கும் சொலேஷியம் மறுக்கக் கூடாது என்று 2019இல் தர்செம் சிங் வழக்கில் தீர்ப்பாகியிருக்கிறது.

உங்கள் கடிதத்தில் என்னை உறுத்துவது அந்தக் கிணறுதான். அது போனால் மீதி 93 சென்ட் மானாவாரியாகிவிடும். ஒரு பகுதியைப் பிரித்தெடுப்பதால் மீதி நிலத்துக்கும் வருமானத்துக்கும் வரும் சேதத்தைத் தனித் தலைப்பில் கேட்கலாம். 28ஆம் பிரிவு அதற்கு இடம் தருகிறது. பலர் இதைக் கேட்பதே இல்லை, கேட்காததை யாரும் தருவதுமில்லை. சர்வேயர் அளக்க வரும்போது கூடவே நில்லுங்கள். கிணற்றின் ஆழம், கட்டுமானம், மோட்டார், பூமிக்கடியில் போகும் குழாய், ஒவ்வொரு தென்னையின் வயது எல்லாம் மகஜரில் ஏறியிருக்கின்றனவா என்று படித்துப் பார்த்த பிறகே கையெழுத்து. கிணற்றிலிருந்து மீதி நிலத்துக்குத் தண்ணீர் பாய்வதைத் தேதியோடு படம் எடுத்து வையுங்கள். அடங்கலில் பயிர் சரியாக ஏறியிருக்க வேண்டும்.

வாரிசுச் சான்றுக்கு உடனே விண்ணப்பியுங்கள். வாரிசுகளுக்குள் தகராறு என்றால் பணம் உங்கள் கைக்கு வராமல் டெபாசிட்டில் போய்விடும். உங்களைக் கேட்காமல் பெயர் மாறியிருக்கிறதா என்று சிட்டாவையும் அடிக்கடி பாருங்கள். சேலம்–சென்னை எட்டு வழிச் சாலை வழக்கில் 2020 டிசம்பர் 8 அன்று உச்ச நீதிமன்றம் நிலமெடுப்பு அறிவிப்பை அனுமதித்தது. ஆனால் நிலம் முறைப்படி அரசுக்குச் சேரும் முன்பே வருவாய்ப் பதிவேட்டை மாற்றியதை ஏற்கவில்லை. அந்த வழக்கால் கிடைத்த பாதுகாப்பு இது.

அவார்டில், அதாவது இழப்பீட்டை நிர்ணயிக்கும் உத்தரவில், தொகை குறைவு என்று பட்டாலும் பணத்தை வாங்க மறுக்க வேண்டாம். ‘ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்’ என்று ரசீதிலேயே எழுதி வாங்குங்கள். 2013 சட்டத்தின்கீழ் இதை எழுதாவிட்டால் கூடுதல் கேட்கும் உரிமையே போய்விடும். மற்றச் சட்டங்களின்கீழும் இப்படி எழுதி வாங்குவதே பாதுகாப்பு. பிறகு தொகையைக் கூட்டக் கோரி, நோட்டீஸில் உள்ள சட்டம் சொல்லும் இடத்தில் மனு கொடுக்க வேண்டும். அதற்கான கெடு சட்டத்துக்குச் சட்டம் மாறும், சில வாரங்களே இருக்கலாம். அவார்டு கிடைத்த அன்றே வழக்கறிஞரிடம் காட்டுங்கள். வருமானம் எவ்வளவு என்றாலும் பெண்களுக்கு இலவசச் சட்ட உதவி உண்டு. அம்மாவும் வாரிசு என்பதால், அவர் பெயரிலேயே வட்டச் சட்டப் பணிகள் குழுவில் மனுக் கொடுக்கலாம்.