ஆளற்ற நகரும் வினவும் மகளிரும்: சிலப்பதிகாரம், கம்பராமாயணம் காட்டும் பிலங்கள்

மலையின் உட்புழையைச் சுட்ட முழை, அளை, விடர் எனத் தமிழில் பல சொற்கள் உண்டு. சங்கப் பாடல்களில் இவை பெரும்பாலும் புலி முதலிய விலங்குகளின் உறைவிடங்கள். அங்கு இருளும் அச்சமும் உண்டே தவிர வியப்புக்கு இடம் குறைவு. வடமொழி வழிவந்த ‘பிலம்’ காப்பியங்களில் வேறொரு பொருட்சாயல் பெறுகிறது. நிலத்தின்கீழ் நீண்டு, மாந்தர் அறியா வாழ்வொன்றைத் தன்னுள் ஒளித்திருக்கும் இடமாக அது அமைகிறது. அவ்வாழ்வு எத்தகையது என்பதில் இளங்கோவடிகளும் கம்பரும் பெரிதும் வேறுபடுகின்றனர்.

சிலப்பதிகாரக் காடுகாண் காதையில் மாங்காட்டு மறையோன் மதுரைக்குரிய மூவழிகளைக் கூறுகிறான். இடப்புற வழியில், திருமால் குன்றத்தில் பிலம் ஒன்றுண்டு என்கிறான். புண்ணிய சரவணம், பவகாரணி, இட்டசித்தி என மூன்று பொய்கைகள். முதலாவதில் மூழ்கினால் இந்திரன் நூலறிவும், அடுத்ததில் பழம்பிறப்புணர்வும், மூன்றாவதில் வேண்டியதும் கிட்டும். பிலத்தை மகளிர் காக்கின்றனர். வரோத்தமை இம்மை, மறுமை, இவ்விரண்டும் கடந்த நிலை ஆகியவற்றை வினவி, விடை பெற்றபின் கதவு திறக்கிறாள். உள்ளே வாயில்கள் பல. அவற்றுள் இரட்டைக் கதவுடைய ஒன்றில் ஓவியக்கொடி போன்ற மற்றொருத்தி தோன்றி, முடிவிலா இன்பம் எதுவென வினவுகிறாள். விடை தராவிடினும் அவள் துன்புறுத்துவதில்லை. இங்குப் பிலத்தின் உயிர் என்பது வினாவே. எனினும் கவுந்தியடிகள் மறுத்துவிடுவதால் எவரும் அதனுள் புகவில்லை. பிலம் சொல்லளவிலேயே நின்றுவிடுகிறது.

கம்பரின் கிட்கிந்தா காண்டத்துப் பிலம் புக்கு நீங்கு படலத்தில் வானரர் உண்மையாகவே புகுகின்றனர். பேரிருளில் அனுமனின் வாலைப் பற்றிச் சென்று, ஒளிந்துறையும் ஞாயிற்று மண்டிலம் போன்றதொரு நகரைக் காண்கின்றனர். வான்மீகத்தில் நனைந்த பறவைகள் வெளிவருவதைக் கண்டே உள்ளே நீர் உண்டெனத் துணிகின்றனர். பொன்மரங்களும் பொன்மீன்களும் ஆமைகளும் அங்குள்ளன. கம்பர் காட்டும் நகரிலோ பொன்னும் ஆடையும் சாந்தும் உணவும் குவிந்துள்ளன. மைந்தரும் மகளிரும் இல்லை. இமையா விழிகளுடைய உயிரற்ற ஓவியத்தையே அவர் உவமையாக்குகிறார். அங்குள்ள நறவுக்குத் தமிழும், பொற்குவியலுக்குப் புகழ்பாடிய கவிகளின் மனைகளும் உவமையாகின்றன. உண்பார் இல்லாத இடத்தில் தமிழின் சுவையை நினைத்த கவிஞரின் துணிவு வியப்பளிப்பது.

இவ்வெறுமையை வெறும் அணிநலமாகக் கொள்ளுதல் போதாது. வானரர் இதனை இராவணன் ஊரெனக் கருதிச் சீதையைத் தேடுகின்றனர். வினவுதற்கு ஒருவருமில்லை. முடிவில் தவத்திலிருக்கும் சுயம்பிரபையைக் கண்டு, இவளே இராமன் தேவியோ என ஐயுறுகின்றனர். அக்குமாலை முத்தாரத்துக்கு ஒப்பாகுமெனின் இவளும் சீதைக்கு ஒப்பாவாள் என அனுமன் ஐயத்தை விலக்குகிறான். பின்னர்ச் சுந்தரகாண்டத்து ஊர் தேடு படலத்தில் அவனே உறங்கும் மக்கள் நிறைந்த இலங்கையில் தவக்கோலத்துச் சீதையைத் தேடுகிறான். இமையாத வெறுநகர் ஒன்று, இமைமூடிய பெருநகர் மற்றொன்று. இரண்டிலும் தேடப்படுபவள் தனித்த ஒரு பெண். இத்தொடர்பை ஏற்பின், பிலப்படலத்தைக் கதையோட்டத்தினின்று விலக்கத்தக்க கிளைக்கதை எனல் இயலாது. ஆளில்லாமை இல்லையேல் அத்தேடல் இத்துணைக் கூர்மை பெறாது.

வெளியேறும் முறையிலும் கம்பர் மூலத்தினின்று விலகுகிறார். வான்மீகத்தில் வானரர் கண்களை மூடிக்கொள்ள, சுயம்பிரபை அவர்களை வெளிக்கொணர்கிறாள். கம்பரிடம் அனுமன் பேருருக்கொண்டு பிலத்தையே பிளக்கிறான். இராம தூதர் வரவுக்காகக் காத்திருந்த அவள் பொன்னுலகு சேர்கிறாள். சிலம்பின் பிலம் விடை கூறாதவரையும் நெடுவழிக்கு அனுப்பிவிட்டு, அடுத்து வருவோர்க்காக மீண்டும் காத்திருக்கும். கம்பர் காட்டும் பிலத்தில் இனி எவரும் புக வழியில்லை.