ஊழியரை நீக்குமுன்: நிர்வாகக் குழுவினருக்கு ஒரு பாடம்

சங்கத்தின் இரும்புப் பெட்டியிலுள்ள பணம் யாருடையது? சக்கம்பட்டியில் தறியில் அமர்ந்து கூலியில் மிச்சம் பிடித்த நெசவாளருடையது. கம்பம் பள்ளத்தாக்கில் வெள்ளாமைச் செலவுக்காக நகையை ஈடு வைத்த விவசாயியுடையது. அப்பணத்தில் ஊழியர் ஒருவர் கை வைத்தார் என்ற செய்தி பிறந்ததும் அங்கத்தினர் கொதிப்பது இயல்பே. “இன்றே அவரை நீக்குங்கள்” என்று நிர்வாகக் குழுவை நெருக்குவர். அவ்வாறு அவசரத்தில் பிறக்கும் உத்தரவு நீதிமன்றத்தில் நிற்குமா என்பதே இப்பாடம். வங்கி ஊழியர் வழக்குகளிலும் பிற பணி வழக்குகளிலும் சுப்ரீம் கோர்ட் வகுத்த நெறிகள் நமக்கும் வழிகாட்டுவன.

1. நீதிமன்றம் பார்ப்பது எதை?

சாட்சியங்களை மறுபடியும் நிறுத்துப் பார்ப்பது நீதிமன்றத்தின் வேலையன்று என்று 1995-ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்று விளக்கிற்று. விசாரணை முறைப்படி நடந்ததா, முடிவுக்கு ஆதாரம் உண்டா, தண்டனை குற்றத்துக்கு மிகவும் மிஞ்சியதா என்பவையே கேள்விகள்.

2. சந்தேகம் சாட்சியமாகாது

பஞ்சாப் நேஷனல் வங்கியில் டிராப்ட் புத்தகம் காணாமற்போனது தொடர்பாகக் கடைநிலை ஊழியர் ஒருவர் நீக்கப்பட்டார். போலீஸ் சேகரித்த காகிதங்களும், போலீசாரிடம் அவர் அளித்ததாகக் கூறப்பட்ட ஒப்புதலுமே ஆதாரம். அவற்றை மெய்ப்பிக்கச் சாட்சி எவரும் விசாரிக்கப்படவில்லை. 2008-இல் சுப்ரீம் கோர்ட் அந்நீக்கத்தை ரத்துச் செய்தது.

3. அறிக்கையின் நகல்

விசாரணை அதிகாரியின் அறிக்கை நகலை ஊழியருக்குத் தந்து, அவர் பதிலைக் கேட்ட பின்னரே முடிவு செய்யவேண்டும் என்பது 1993-ஆம் ஆண்டுத் தீர்ப்பு. அறிக்கை ஊழியருக்குச் சாதகமாயிருந்து, தண்டிக்கும் அதிகாரி அதனின்று மாறுபட நினைத்தால், அதற்கான காரணங்களைக் கூறி ஊழியரின் விளக்கத்தைக் கேட்கவேண்டும் என்பது 1998-ஆம் ஆண்டுத் தீர்ப்பு.

4. ஊழியர் அறியவேண்டியது

“வங்கிக்கு நஷ்டமில்லையே” என்பது தப்பும் வழியன்று. அதிகார வரம்பை மீறிப் பணம் வழங்குவதே குற்றம் என்று 1996-இல் தீர்ப்பாயிற்று. நடைமுறையில் நேர்ந்த சிறு குறை ஊழியரின் எதிர்வாதத்துக்குப் பங்கம் செய்யாவிடில், அது ஒன்றைக்கொண்டு உத்தரவு வீழாது என்றும் அதே ஆண்டில், ஸ்டேட் பாங்க் ஆப் பாட்டியாலா வழக்கில் தீர்ப்பாயிற்று.

5. முறையிடும் இடம்

தேசியமயமான வங்கியின் ஊழியர் ரிட் மனுவுடன் ஹைகோர்ட்டை நாடலாம். தேனி மாவட்டத்தாருக்கு 2004 முதல் மதுரைக் கிளை உண்டு. கூட்டுறவுச் சங்க ஊழியர் நிலை வேறு. சங்கத்தின் மீது சாதாரணமாக ரிட் செல்லாது என்று சென்னை ஹைகோர்ட்டின் ஐந்து நீதிபதிகள் 2006-இல் தீர்ப்பளித்தனர். 1983-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 153-ஆம் பிரிவு, சீராய்வு கோரும் வழியைத் தருகிறது.

எனவே நிர்வாகக் குழுவினர் செய்யவேண்டுவன: குற்றச்சாட்டைத் தேதி, தொகை, ரசீது எண்ணுடன் எழுதுக. பதிலுக்கு அவகாசம் தருக. வழக்கில் சம்பந்தமில்லாதவரை விசாரணைக்கு அமர்த்துக. சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்ய இடம் கொடுக்க. தற்காலிக வேலைநீக்கக் காலத்தில் பிழைப்பூதியத்தை நிறுத்தற்க.

இம்முறை குற்றவாளிக்குக் காட்டும் சலுகையன்று. முறை தவறினால் பணத்தைத் தின்றவரே பழைய சம்பளப் பாக்கியுடன் திரும்பி வரக்கூடும். அப்பாக்கியும் அங்கத்தினர் பணமே. முறை நின்றால் குற்றமற்ற குமாஸ்தாவின் குடும்பம் பிழைக்கும்; குற்றவாளி மீதான உத்தரவும் நிலைக்கும்.