உலகச் சந்தையும் ஊவா மரவள்ளியும்

மரவள்ளிக் கிழங்கை வறியோர் உணவென்று தாழ்த்திப் பேசும் வழக்கம் நம்மிடையே நெடுநாளாக உண்டு. விருந்தினர் வரும் நாளில் அதனை இலையில் இடுவார் இலர்; பாடசாலைக்கு அதனைப் பொதிந்துவரும் பிள்ளைகளுட் சிலர் பிறர் காணாவண்ணம் மறைத்துண்பதையும் நாம் கண்டிருக்கிறோம். ஆயினும் அக்கிழங்கு உலகில் ஆண்டுதோறும் 30 கோடித் தொன்னுக்கு மேல் விளைகின்றது. கப்பலேறிக் கடல் கடக்கின்றது. மாவாகவும் மதுசாரமாகவும் பசையாகவும் காகிதத்தின் மெருகாகவும் மாறுகின்றது. தமிழ் கற்பிக்கும் நாம் கிழங்கின் விலையைப் பற்றி எழுதப் புகுந்தது ஏன் என்று பழைய மாணவர் சிலர் வினவலாம். நம் வகுப்பில் அமர்வோரிற் பலர் பதுளை, பசறை, அப்புத்தளை, கொஸ்லந்தைப் பகுதிகளின் லயங்களிலிருந்து வருவோர். அவர்தம் காலையுணவின் வரலாற்றை அவர்க்கு உரைப்பதும் ஆசிரியர் தொழிலேயாம்.

முதற்கண் பெயரைக் காண்போம். ‘வள்ளி’ என்பது பழந்தமிழ்ச் சொல். படரும் கொடியையும் அதன் கிழங்கையும் குறிப்பது. வேடர் தலைவனாகிய நம்பி, வள்ளிக்கிழங்கு அகழ்ந்த குழியிற் குழந்தையைக் கண்டெடுத்து வள்ளியென்று பெயரிட்டான் என்னும் கதையை நம் ஊவா மாகாணத்துக் கதிர்காமத்திற்குச் செல்லும் அடியார் யாவரும் அறிவர். அக்கதையில் வரும் கிழங்கு வேறு; நாம் உண்ணும் மரவள்ளி வேறு. மரவள்ளியின் தாயகம் தென்னமெரிக்கா. பதினாறாம் நூற்றாண்டில் போர்த்துக்கேயர் அதனைப் பிறேசிலிலிருந்து ஆபிரிக்காவிற்குக் கொண்டுசென்றனர். இலங்கைக்கு அது 1786ஆம் ஆண்டு, ஒல்லாந்த ஆளுநர் வான் டி கிறாப் என்பார் காலத்தில், மொரீசியசுத் தீவிலிருந்து வந்ததாகக் கூறுவர். புதிதாக வந்த அக்கிழங்கு கொடியில் விளையாது மரம்போல் நிமிர்ந்து நிற்கும் செடியின் அடியில் விளைந்தமையால், பழைய பெயரோடு ‘மரம்’ என்னும் அடையைச் சேர்த்து நம் மக்கள் அதனைத் தமக்குரியதாக்கிக் கொண்டனர். சிங்களவர் ‘மஞ்ஞொக்கா’ என்பர். அது போர்த்துக்கேயரின் ‘மந்தியோக்கா’ என்பதன் திரிபு. சேலத்தார் குச்சிக்கிழங்கு என்பர், நட்டது குச்சியாதலின். சவ்வரிசியின் பெயரிலோ ஒரு விந்தை உண்டு. ‘சாகு’ என்பது மலாய்நாட்டுப் பனையொன்றன் மாவிற்குரிய பெயர். அப்பனையின் மா வாராதொழிந்த காலத்து மரவள்ளி மாவினால் மணிகளைச் செய்து அப்பெயராலேயே விற்றனர். பெயர் பனையினது, பொருள் கிழங்கினது. பாயசத்தில் நாம் உண்பது பெரும்பாலும் மரவள்ளியையே!

அம்மாற்றம் நிகழ்ந்த இடம் சேலம். இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் மலாயாவிலிருந்து வந்த சாகு நின்றுபோகவே, 1940களின் தொடக்கத்திற் சேலத்து வணிகர் சிலர் உள்ளூர்க் கிழங்கைக் கொண்டு சவ்வரிசி செய்யத் தலைப்பட்டனர். தொடக்கத்திற் குடிசைத் தொழிலாயிருந்தது பின்னர்ப் பல நூறு ஆலைகளாகப் பெருகிற்று. ஆலையுடையோர் தனித்தனியே வணிகரிடம் அகப்பட்டு விலையிழந்தமையால், 1981இல் ‘சேகோசெர்வ்’ என்னும் கூட்டுறவுச் சங்கத்தை அமைத்தனர். சரக்கைப் பொதுப் பண்டகசாலையில் வைத்து ஏலத்தில் விற்பது அதன் முறை. 2023இற் சேலத்துச் சவ்வரிசிக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. நம் முன்னோருட் பலர் சேலம், திருச்சிராப்பள்ளி, மதுரைப் பக்கங்களினின்று கோப்பிக் காட்டிற்கும் தேயிலைக் காட்டிற்கும் வந்தோர். அவர் புறப்பட்ட நாளிற் சேலம் சவ்வரிசிக்குப் பெயர் பெற்றிருக்கவில்லை. அவர் விட்டுவந்த மண்ணும் வந்துசேர்ந்த மண்ணும் பிற்காலத்தில் ஒரே கிழங்கை நாடின என்பது எண்ணத்தக்கது. அங்கே அது தொழிலாயிற்று, இங்கே பசிக்கு மருந்தாயிற்று.

இனி உலகச் சந்தையைக் காண்போம். மிகுதியாக விளைவிக்கும் நாடே மிகுதியாக விற்கும் என்று மாணவர் நினைப்பர். அஃது இங்குப் பொருந்தாது. உலக விளைவில் ஐந்திலொரு பங்களவு நைசீரியாவில் விளைகின்றது. ஆயினும் அந்நாட்டார் அதனைக் ‘காரி’ முதலிய உணவாக்கித் தாமே உண்கின்றனர். விற்பனையில் முதலிடம் தாய்லாந்தினது. தாய்லாந்து மக்களோ சோறுண்பவர். தாம் உண்ணாத பொருளையே பிறர்க்கென்று பயிரிட்டனர்.

அவ்வணிகம் எவ்வாறு வளர்ந்தது என்பதைச் சற்று விரித்துரைத்தல் தகும். இக்கட்டுரையின் உயிர் அதிலேயே உள்ளது. ஐரோப்பியப் பொருளாதாரச் சமூகத்தார் தம் உழவரைக் காக்கும்பொருட்டுத் தானியங்களின் விலையைத் தம் எல்லைக்குள் மிக உயர்த்தி வைத்தனர். வெளிநாட்டுத் தானியத்திற்குத் தடுப்பு வரி இருந்தது. மரவள்ளிக்கோ 6 வீதத் தீர்வையே விதிக்கலாம் என்று முன்னரே உடன்பட்டிருந்தனர். அக்காலத்தில் அதனை ஒரு பொருட்டாக அவர் எண்ணினாரல்லர். ஒல்லாந்திலும் செருமனியிலும் பன்றி வளர்ப்போர் இவ்விடைவெளியைக் கண்டுகொண்டனர். உலர்ந்த மரவள்ளியோடு சோயாப் பிண்ணாக்கைக் கலந்தால் தானியத்திற்கு ஈடாயிற்று, செலவு குறைந்தது. 1970களில் உலர்ந்த மரவள்ளி கப்பல் கப்பலாக றொட்டர்டாம் துறைமுகத்திற்குச் சென்றது. தாய்லாந்தின் வடகிழக்கில் உழவர் காடழித்துக் குச்சி நட்டனர். பெருகிய வரவைக் கண்டு ஐரோப்பியர் அஞ்சினர். 1982இல் தாய்லாந்தோடு உடன்படிக்கை செய்து, ஆண்டுக்கு ஏறத்தாழ 50 இலட்சம் தொன் என்னும் அளவில் எல்லை வகுத்தனர். பின்னர் 1992இல் தம் வேளாண்மைக் கொள்கையைத் திருத்தித் தானிய விலையைத் தாழ்த்தினர். தானியம் மலிந்ததும் பன்றிக்குக் கிழங்கு வேண்டாததாயிற்று. ஐரோப்பியச் சந்தை சில ஆண்டுகளில் உலர்ந்துபோயிற்று.

தாய்லாந்தார் சோர்ந்திலர். மாப்பொருள் ஆலைகளைப் பெருக்கினர். சீனத்தைச் சந்தையாகக் கொண்டனர். சீனர் உலர்ந்த கிழங்கிலிருந்து மதுசாரம் வடித்தனர். ஆனால் 2016இல் சீன அரசு தன் சோளக் களஞ்சிய விலைத்திட்டத்தைக் கைவிட்டுச் சோளத்தை மலிவாக வெளியிட்டபோது, கிழங்கின் தேவை மீண்டும் தளர்ந்தது. ஈண்டு நாம் அறியத்தக்கது யாதெனின், மரவள்ளியின் விலையை மரவள்ளி வகுப்பதில்லை. கோதுமையும் சோளமுமே வகுக்கின்றன. அவற்றின் விலையை அரசுகள் வகுக்கின்றன. கிழங்கை அகழும் உழவன் இவ்வரிசையின் கடைசியில் நிற்கின்றான்.

கிழங்கின் இயல்பும் அவனுக்கு எதிரானதே. நெல்லைப் பத்தாயத்தில் இட்டு விலையேறும்வரை காத்திருக்கலாம். மரவள்ளியோ அகழ்ந்த இரண்டு மூன்று நாளில் உள்ளே நீலங்கரு நரம்போடிக் கெடும். ஆகவே அகழ்ந்தவன் வந்த விலைக்கு விற்றேயாக வேண்டும். மண்ணுக்குள்ளேயே சில மாதம் விட்டுவைக்கலாம் என்பது ஒன்றே அவனுக்குரிய ஆறுதல். பஞ்சகாலத்திற்கு அது சிறந்த களஞ்சியமாவதும் அதனாலேயே.

பஞ்சகாலம் என்றதும் நம் மலையகத்தார்க்கு 1973, 1974ஆம் ஆண்டுகள் நினைவிற்கு வரும். அரிசியும் மாவும் அருகிப் பங்கீடு குறைந்த அந்நாளிற் சொந்த நிலமில்லாத தோட்டத்து மக்களே பெரிதும் நலிந்தனர். பட்டினியால் மாண்டோர் பலர். லயத்தின் பின்புறத்துத் துண்டு நிலத்தில் மரவள்ளி நின்ற வீட்டில் அடுப்பெரிந்தது என்று முதியோர் இன்றும் கூறுவர். ஐம்பதாண்டு சென்று 2022இல் நாடு கடன் கொடுக்கவியலாது நின்றபோது, அவ்வாண்டு செப்தெம்பரில் கொழும்பு விலைச் சுட்டியின்படி உணவுப் பணவீக்கம் 94.9 வீதமாக ஏறிற்று. முந்திய ஆண்டிற்றான் தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளம் 1000 ரூபாவாக நிருணயிக்கப்பட்டிருந்தது. அப்பணத்தின் வலிமை ஓராண்டில் ஏறக்குறையப் பாதியாயிற்று. மரவள்ளி மறுபடியும் வேளையுணவாயிற்று. இகழப்பட்ட கிழங்கு இருமுறை கைகொடுத்தது. ஆயினும் அதனிற் புரதம் மிகக் குறைவு. அதனையே நம்பி வளரும் பிள்ளைக்குப் பருப்பும் கீரையும் உடன் வேண்டும். மரவள்ளியின் இலையிலேயே புரதம் மிகுதி. நன்கு வேகவைத்த இலையைச் சுண்டி உண்போர் அறிவுடையோரே.

நஞ்சைப் பற்றியும் ஒரு சொல். மரவள்ளியோடு இஞ்சி சேரின் கேடு என்பது இந்நாட்டிற் பரவிய நம்பிக்கை. நஞ்சு இஞ்சியில் இல்லை, கிழங்கிலேயே உள்ளது. கிழங்கை வெட்டும்போதும் நசுக்கும்போதும் அதனுள்ளிருக்கும் பொருள் சிதைந்து ஐதரோசயனிக் அமிலம் பிறக்கின்றது. ஆதலின் இஞ்சியை விலக்கிவிட்டோம் என்று அமைதல் போதாது. தோலுரித்து, துண்டாக்கி, நிறைந்த நீரிலிட்டு, மூடாத பாத்திரத்தில் அவித்து, அந்நீரை வடித்துவிடுதலே காப்பு. கசக்கும் கிழங்கைப் பிள்ளைகட்குக் கொடுத்தலாகாது.

நம் மாகாணத்தில் இதனைச் சந்தைப்பயிராக வளர்க்கலாமோ என்று இளைஞர் சிலர் கேட்பதுண்டு. மொனராகலை, புத்தளை, வெல்லவாயப் பக்கத்துத் தாழ்நிலம் அதற்கு ஏற்றது. பதுளை ஏறத்தாழ 680 மீற்றர் உயரத்தில் உள்ளது; இங்கும் விளையும். பண்டாரவளையும் வெலிமடையும் குளிர்மிக்கவை. அங்கே கிழங்கு பருக்க நெடுநாட் செல்லும். உருளைக்கிழங்கே அவ்விடத்திற்கு உரியது. மேலும் மரவள்ளியைப் பிடுங்குதல் என்பது மண்ணைப் பெயர்த்தலாகும். செங்குத்தான சரிவிற் கல்லணையும் வடிகானும் இன்றி அதனை நடுதல் தகாது. 2014 ஒக்டோபர் 29இல் மீரியபெத்தையைப் புதைத்த மண்சரிவிற்கு மரவள்ளியைக் குறைகூறுவார் இலர். எனினும் மழைநாளில் நம் மலைச்சரிவு எத்தகையது என்பதை அந்நாள் நமக்குக் காட்டிற்று.

ஏற்றுமதிக் கனவு நமக்கு ஏற்றதன்று என்பதே நம் கருத்து. தாய்லாந்தின் பேராலையொன்று நாளொன்றுக்குப் பல நூறு தொன் கிழங்கை அரைக்கும். நம் கணக்கோ வேறு. தோட்டத்து வீட்டுத் திட்டங்களிற் குடும்பத்திற்கு 7 பேர்ச் நிலம் என்று வகுத்தனர். அது ஏறத்தாழ 177 சதுர மீற்றர். வீட்டிற்கு 550 சதுர அடி, அதாவது 51 சதுர மீற்றர் செல்லும். முற்றமும் வழியும் மலசலகூடமும் போக 80 சதுர மீற்றர் எஞ்சுமெனக் கொள்வோம். மீற்றருக்கொரு செடியாக 80 செடி. செடிக்கு 3 கிலோவெனக் குறைத்தே மதிப்பினும் 240 கிலோ. ஐவர் கொண்ட குடும்பத்திற்கு வேளைக்கு 2 கிலோவென்றால் 120 வேளையுணவு, நான்கு மாதத்திற்கு நாளொரு வேளை. றொட்டர்டாமின் கணக்கில் இது தூசிக்கும் ஈடாகாது. லயத்தின் கணக்கில் இது பிள்ளை பசியோடு பாடசாலைக்கு வாராதிருத்தல். ஆனால் அந்த 7 பேர்ச்சும் இன்னும் பெறாதோர் பலர். கம்பனியின் நிலத்தில், துரையின் இசைவு உள்ளவரை, பயிரிடுவோர் அவர். நட்ட கிழங்கை அகழுமுன் நிலம் மீளக் கேட்கப்படலாம் என்று அஞ்சுவோன் பத்துமாதப் பயிரை நடத் துணியான். ஆதலின் மரவள்ளியின் சந்தையைப் பேசுவோர் முதலில் நிலவுரிமையைப் பேசவேண்டும். பழைய மாணவருள் வழக்கறிஞரும் அலுவலரும் பலர் உளர்.

பயிரிடுவோர்க்கு வேறொரு செய்தியும் உண்டு. மரவள்ளி இலையை மஞ்சளும் பச்சையுமாகத் திட்டிட்டுச் சுருளச் செய்யும் தேமல் நோய்க்கிருமியொன்றற்கு அறிவியலார் இட்ட பெயர் ‘இலங்கை மரவள்ளித் தேமல் வைரசு’ என்பது. நம் நாட்டின் பெயர் தாங்கிய அக்கிருமி 2015இற் கம்போடியாவின் ரத்தனகிரியிற் காணப்பட்டது. 2017இல் வியட்னாமின் தாய்நின் மாகாணத்தையும் 2018இல் தாய்லாந்தையும் அடைந்தது. வெள்ளை ஈ அதனைச் செடிக்குச் செடி கொண்டுசெல்லும். நெடுந்தொலைவு கொண்டுசெல்வது மனிதன் சுமக்கும் நடுகுச்சியே. அயலார் தோட்டத்தில் வெட்டிப்போட்ட குச்சியை வாங்கி வருதல் நம் வழக்கம். குச்சியிற் பார்த்தால் நோய் தெரியாது. இலை நிற்கும் காலத்திலேயே சென்று, தேமலில்லாத செடிக்கு நூல் கட்டி அடையாளமிட்டு வைத்து, அச்செடியின் நடுத்தண்டை மட்டும் ஒரு சாணளவிற்குச் சற்று மேலாக வெட்டி, ஐப்பசி மழையோடு நடவேண்டும். நோய் கண்ட செடியின் குச்சியை வேலியோரத்திற் சாத்திவைத்தலுமாகாது. அது தளிர்க்கும், வெள்ளை ஈ அங்கிருந்து புறப்படும்.